ஈத்தேனா, நாப்தாவா? இந்திய ரசாயனத் தொழிலின் லாபக் கணக்கு

இந்தியா பென்சீனை ஏற்றுமதி செய்கிறது. அதே பென்சீனோடு, பிளாஸ்டிக்குக்கு மூலமான எத்திலீன் வாயுவைக் கொஞ்சம் சேர்த்தால் கிடைக்கும் ஸ்டைரீனை, ஆண்டுக்குச் சுமார் 10 லட்சம் டன், முழுக்க முழுக்க வெளிநாட்டிலிருந்து வாங்குகிறது. ஒரு டன் ஸ்டைரீனுக்கு வேண்டியது 0.79 டன் பென்சீன், 0.29 டன் எத்திலீன். முக்கால் பங்குப் பொருளைக் கப்பலேற்றிவிட்டு, முழுப் பொருளையும் கப்பலில் இறக்கிக்கொள்கிறோம். கச்சா எண்ணெயைச் சுத்திகரிக்கும்போது கிடைக்கும் இலகுவான திரவமான நாப்தாவின் கதையும் இதுதான். சுத்திகரிப்பு ஆலைகளிலிருந்து அது வெளிநாடு போகிறது, அதில் தொடங்கி உருவாகும் பிளாஸ்டிக் திரும்பி வருகிறது. பிவிசி தேவை 40 லட்சம் டன்னைத் தாண்டிய பிறகும் உள்நாட்டு உற்பத்தித் திறன் 15, 16 லட்சம் டன் அளவிலேயே நின்றிருந்தது.

இந்த ஓட்டையை அடைக்கப் புதிய கிராக்கர்கள், அதாவது ஹைட்ரோகார்பனை உடைத்து எத்திலீன் செய்யும் ஆலைகள், கட்டவேண்டும் என்பதில் யாருக்கும் சண்டை இல்லை. எதை ஊட்டிக் கட்டுவது என்பதில்தான் சண்டை. இயற்கை எரிவாயுவிலிருந்து பிரித்து, அமெரிக்காவிலிருந்து குளிரூட்டிக் கொண்டுவரும் ஈத்தேனா, நம் சுத்திகரிப்பு ஆலையிலேயே கிடைக்கும் நாப்தாவா, இரண்டையும் ஏற்கும் இரட்டை ஊட்ட உலையா? கூடவே நிலக்கரி, எத்தனால் என்று ஓரத்தில் இரண்டு பேர் கை தூக்கிக்கொண்டு நிற்கிறார்கள்.

உலைக்குள் நடப்பது

வேலை எல்லா வழியிலும் ஒன்றுதான். ஹைட்ரோகார்பனை நீராவியோடு கலந்து, குரோமியம் நிக்கல் உலோகக்கலவைக் குழாய்ச்சுருளுக்குள் அனுப்பி, 820 முதல் 850 டிகிரி செல்சியஸ் வரை சூடாக்குகிறார்கள். உள்ளே இருக்கும் நேரம் அரை வினாடிக்கும் குறைவு. வெளியே வந்த கணத்தில் குளிர்விக்க வேண்டும். தாமதித்தால் உருவான எத்திலீனே மேலும் சிதைந்து கரியாகிவிடும்.

நீராவி ஈத்தேனுக்கு எடையில் 0.3 பங்கு போதும், நாப்தாவுக்கு 0.5 பங்கு வரை வேண்டும். ஈத்தேன் ஒரே ஓட்டத்தில் முழுதாக மாறாது. 60 முதல் 65% மாறும், மீதியைப் பிரித்து மறுபடி உலைக்கே அனுப்புவார்கள். நாப்தா அப்படித் திரும்பி வராது, உடைந்து பத்துப் பொருளாகச் சிதறும். ஒப்பீடு முழுவதும் இந்தச் சிதறலில்தான் நிற்கிறது:

| ஒரு டன் எத்திலீனுக்கு | நாப்தா | ஈத்தேன் |
|---|---|---|
| உள்ளே போவது (டன்) | 3.3 | 1.28 |
| புரோப்பிலீன் | 0.50 | 0.03 |
| பியூட்டாடையீன் | 0.15 | 0.02 |
| மற்ற நாலு கார்பன் பொருள்கள் | 0.17 | 0.01 |
| பைகேஸ் (பென்சீன், டொலுவீன் உள்ள திரவம்) | 0.75 | 0.03 |
| எரி எண்ணெய் | 0.15 | இல்லை எனலாம் |
| ஹைட்ரஜன், மீத்தேன் | 0.55 | 0.17 |
| எரிசக்தி (கிகா ஜூல்) | 26–31 | 17–21 |
| கரியமில வாயு (டன்) | 1.6–1.8 | 1.0–1.2 |

இவை வழக்கமான இயக்க நிலை எண்கள். நாப்தாவின் பாரஃபின் (எத்திலீனாக எளிதில் உடையும் ஹைட்ரோகார்பன்) அளவு 65 சதவீதத்துக்குக் கீழே போனால் எத்திலீன் குறைந்து, பைகேஸும் எரி எண்ணெயும் ஏறும். ‘நாப்தா’ என்று பொதுவாகப் பேசுவது அரிசி என்று பொதுவாகப் பேசுவதுபோல. எந்த ரகம் என்று கேட்காமல் விலை பேசக்கூடாது.

பணக்கணக்கு

கணக்குக்காகச் சில விலைகளை வைத்துக்கொள்வோம். நாப்தா டன் 600 டாலர். அமெரிக்க ஈத்தேன் கேலனுக்கு 25 சென்ட். ஒரு டன்னில் 742 கேலன், ஆக அங்கே டன் 185 டாலர். குளிரூட்டல், கப்பல், இங்கே முனையக் கட்டணம் எல்லாம் சேர்த்து உலை வாசலில் 350 டாலர் என்று கொள்வோம். புரோப்பிலீன் 800, பியூட்டாடையீன் 1,000, பைகேஸ் 650, மற்ற நாலு கார்பன் பொருள்கள் 550, எரி எண்ணெய் 400.

நாப்தா உலைக்குச் செலவு 3.3 × 600 = 1,980 டாலர். துணைப்பொருள் வரவு: புரோப்பிலீன் 400, பியூட்டாடையீன் 150, மற்ற நாலு கார்பன் 94, பைகேஸ் 488, எரி எண்ணெய் 60. மொத்தம் ஏறக்குறைய 1,190. மீத்தேனும் ஹைட்ரஜனும் அதே உலையின் அடுப்பிலேயே எரிந்துவிடும், எரிசக்தித் தேவைக்கு அது கிட்டத்தட்டச் சரியாகிவிடும் என்பதால் இரண்டு பக்கமும் சேர்க்கவில்லை. ஒரு டன் எத்திலீனுக்கு நிகரச் செலவு 790 டாலர்.

ஈத்தேன் உலைக்குச் செலவு 1.28 × 350 = 448. துணைப்பொருள் வரவு 60, 70தான். அடுப்புக்குச் சொந்த வாயு போதாது, சுமார் 5 கிகா ஜூல் வெளியிலிருந்து வாங்கவேண்டும், அதற்கு 45, 50 டாலர். நிகரம் சுமார் 435.

வித்தியாசம் டன்னுக்கு 350 டாலர். ஆண்டுக்கு 10 லட்சம் டன் ஆலையில் 35 கோடி டாலர். இந்த இடத்தில் பெரும்பாலான ஒப்பீடுகள் முடிந்துவிடும், ஈத்தேனுக்கு மாலை போட்டுவிட்டு எழுந்துவிடுவார்கள். அவசரப்படாமல் அதே கணக்கை மூன்று விதமாக ஆட்டிப்பார்க்கலாம்.

கச்சா எண்ணெய் சரிந்து நாப்தா 400 டாலருக்கு வருகிறது என்று வையுங்கள். துணைப்பொருள்களும் 30% விழும். 1,320 கழித்தல் 834, நிகரம் 486. ஈத்தேன் 435லேயே நிற்கும். அதன் விலையில் பாதி கப்பலும் குளிரூட்டலும். எண்ணெய் விலையைப் பார்த்து அந்தப் பாதி இறங்காது. இடைவெளி 50 டாலர். சிறப்புக் கப்பல்களுக்கும் சேமிப்புத் தொட்டிக்கும் போட்ட முதலுக்கு அது வட்டிக்குக்கூடக் காணாது.

அடுத்து, நாப்தா 600லேயே இருக்க, புரோப்பிலீன் 1,000, பியூட்டாடையீன் 1,500 என்று ஏறுகிறது. டயர் தொழில் சூடாக இருக்கும் ஆண்டுகளில் பியூட்டாடையீன் இப்படித் தாவுவது சாதாரணம். வரவு 175 கூடும், இடைவெளி பாதியாகி 180 பக்கம் வரும்.

மூன்றாவதுதான் முக்கியம். விலை எதுவும் மாறவில்லை, ஆனால் ஆலையின் பின்பக்கம் காலி. பியூட்டாடையீன் பிரிக்கும் பிரிவு இல்லை, அதை ஹைட்ரஜன் ஏற்றி மற்ற நாலு கார்பனோடு கலந்து விற்கிறார்கள். புரோப்பிலீனைப் பாலிமராக்க ஆளில்லை, சமையல் எரிவாயு விலைக்குப் போகிறது. பியூட்டாடையீனில் 67, புரோப்பிலீனில் 125, ஆக 190 டாலர் ஒவ்வொரு டன்னிலும் காற்றில் போகிறது. நாப்தா நிகரம் 980க்கு ஏறி, ஈத்தேனோடு இடைவெளி 545 ஆகிறது.

அதே நாப்தா, அதே உலை. ஈத்தேனோடு உள்ள தூரம் ஒரு நிலையில் 180, இன்னொரு நிலையில் 545. ‘நாப்தா லாபமில்லை’ என்ற பேச்சு பெரும்பாலும் பின்பக்கம் காலியான ஆலைகளைப் பார்த்துச் சொன்ன பேச்சு. மூலப்பொருள் எவ்வளவு மலிவு என்பதை முதலில் கேட்பதைவிட, கிராக்கருக்குப் பின்னால் என்ன கட்டப்போகிறீர்கள் என்பதை முதலில் கேட்பதே சரி.

ஈத்தேன்: கப்பலை நம்பிய வாழ்க்கை

நம் நாட்டில் ஈத்தேன் புதிதல்ல. மும்பைக்கு அப்பால் கடலில் உள்ள பாம்பே ஹை வயலின் எரிவாயுவை நம்பி மகாராஷ்டிரத்தின் நாகோத்தனேயில் எரிவாயு கிராக்கர் வந்து பல பத்தாண்டுகள் ஆகின்றன. உத்தரப் பிரதேசத்தில் கெயிலின் பாதா ஆலையும் குழாய் எரிவாயுவிலிருந்து பிரித்த ஈத்தேன், புரோப்பேனில் ஓடுவது. புதிது என்னவென்றால், ஈத்தேனையே தனிச் சரக்காகக் கடல் தாண்டிக் கொண்டுவந்தது. 2017ல் ரிலையன்ஸ் குஜராத்தின் தஹேஜில் அதைத் தொடங்கியது. ஆண்டுக்கு 15 லட்சம் டன், அதற்கென்றே கட்டிய ஆறு கப்பல்கள், தஹேஜிலிருந்து ஹசீரா வழியாக நாகோத்தனே வரை 400 கிலோமீட்டருக்கும் மேல் நீளும் குழாய்.

இந்த ஏற்பாட்டின் இறுக்கத்தைக் கொஞ்சம் கிட்டப்போய்ப் பார்க்கலாம். ஈத்தேன் கொதிநிலை கழித்தல் 89 டிகிரி. கப்பலின் கொள்ளளவு சுமார் 87,000 கன மீட்டர், அந்தக் குளிரில் திரவத்தின் எடை கன மீட்டருக்கு 0.54 டன். ஒரு கப்பலுக்கு 47,000 டன். 15 லட்சம் டன்னுக்கு ஆண்டில் 32 நடை. நாளொன்றுக்கு 4,100 டன் உலைக்குப் போனால் ஒரு கப்பல் சரக்கு பதினோரு நாளுக்கு வரும். ஆறு கப்பல் 32 நடை போகவேண்டுமென்றால் ஒரு சுற்று 68 நாளில் முடியவேண்டும். செங்கடல் மூடி, நன்னம்பிக்கை முனையைச் சுற்றிவந்து, சுற்றுக்குப் பத்து நாள் கூடினால்? நடை 28 ஆகிவிடும். 13 லட்சம் டன்தான் வந்து சேரும். இடையில் வாடகைக்கு ஒரு கப்பல் பிடிக்கலாமே என்றால், இந்த வகைக் கப்பல் உலகில் மிகக் குறைவுதான். நாப்தா கப்பலைப்போல் துறைமுகத்தில் கேட்டதும் கிடைக்காது.

இன்னொரு பக்கம், விற்பவர் நடைமுறையில் ஒரே நாடு, அமெரிக்கா. 2025 மத்தியில் சீனாவுக்குப் போகும் ஈத்தேனுக்கு ஏற்றுமதி உரிமம் வேண்டும் என்று அமெரிக்கா சில வாரம் பிடித்து வைத்தது, பிறகு விட்டது. சில வாரம்தான். ஆனால் ஈத்தேன் மட்டுமே தின்னும்படி கட்டப்பட்ட உலைக்குச் சில வாரம் என்பது நீண்ட காலம்.

எல்என்ஜி (குளிரூட்டித் திரவமாக்கிய இயற்கை எரிவாயு) வழியாக வரும் ஈத்தேனிலும் ஆபத்து உண்டு. 2022ல் ரஷ்ய நிறுவனம் ஒன்றின் முன்னாள் துணை நிறுவனத்திலிருந்து எல்என்ஜி வரவு நின்றதும் பாதா ஆலை உற்பத்தியைக் குறைக்கவேண்டி வந்தது. கத்தாரோடு 2028லிருந்து தொடங்கும் புதிய ஒப்பந்தத்தில் வரப்போவது ஈத்தேனும் புரோப்பேனும் ஏற்கெனவே உருவப்பட்ட மெலிந்த எரிவாயு. எல்என்ஜியிலிருந்து அவற்றைப் பிரித்துத் தஹேஜில் தன் துணை நிறுவனமான ஓபாலுக்குக் கொடுத்துவந்த ஓஎன்ஜிசி, அதனால்தான் இறக்குமதி ஈத்தேனுக்கும் அதற்கான கப்பலுக்கும் ஏற்பாடு செய்யத் தொடங்கியது. விற்பவர் பாலின் மேல் படிந்த ஆடையைத் தானே எடுத்துக்கொண்டு பாலை மட்டும் தந்தால், ஆடையை நம்பித் தொழில் வைத்தவர் என்ன செய்வார்?

தொழில்நுட்பக் குறைகள் சிறியவை. ஈத்தேனில் கந்தகம் கிடையாது. கேட்க நல்லதாகத் தெரியும், ஆனால் கந்தகம் இல்லாவிட்டால் சுருளின் நிக்கல் பரப்பு வினையூக்கியாக மாறி, கரியையும் கார்பன் மோனாக்சைடையும் பெருக்கும். அதனால் டைமெத்தில் டைசல்ஃபைடைச் சிறிய அளவில் வேண்டுமென்றே செலுத்துவார்கள். அந்தப் பம்ப் பழுதானால் சில மணி நேரத்திலேயே கார்பன் மோனாக்சைடு ஏறி, பின்னால் இருக்கும் அசிட்டிலீன் நீக்கும் வினையூக்கியைத் தடுமாற வைக்கும். எத்திலீனின் தரம் தவறும். கட்டுப்பாட்டு அறையில் இருப்பவர்கள் முதலில் அசிட்டிலீன் பிரிவைச் சந்தேகிப்பார்கள், காரணம் உலை வாசலில் உள்ள அந்தச் சிறிய பம்ப்.

நாப்தா: கூட்டுக்குடும்பம்

நாப்தா உலைக்குப் பின்னால் நீளமான வரிசை வேண்டும். எரி எண்ணெயைப் பிரிக்கும் கோபுரம், புரோப்பிலீனையும் புரோப்பேனையும் பிரிக்க நூற்றுக்கும் மேல் தட்டுள்ள உயரமான கோபுரம், பியூட்டாடையீன் பிரிப்பு, பைகேஸுக்கு இரண்டு கட்ட ஹைட்ரஜனேற்றம், பென்சீன் பிரிப்பு. ஒவ்வொன்றும் முதலீடு, ஒவ்வொன்றும் கெட்டுப்போகக்கூடிய இடம்.

அமில வாயு நீக்கும் காஸ்டிக் கோபுரத்தில் அசிட்டால்டிஹைடு பாலிமராகிச் சிவப்பு எண்ணெயாகத் தேங்கும். வெளியேற்றாவிட்டால் தட்டுகள் அடைத்து, கம்ப்ரசரின் அழுத்தம் ஏறும். பியூட்டாடையீன் பிரிவில் ஆக்சிஜன் கொஞ்சம் நுழைந்தாலும், குழாயின் முட்டுச்சந்து போன்ற, ஓட்டமில்லாத மூலைகளில் சோளப்பொரி வடிவில் பாலிமர் வளரும். அது உலோகக் குழாயையே உள்ளிருந்து பிளக்கக்கூடியது. நாப்தாவோடு வரும் பாதரசம் குளிர்ப்பெட்டியின் அலுமினியத்தை அரிக்கும், ஆர்சனிக் வினையூக்கியைக் கொல்லும். வாசலிலேயே பிடிக்க உறிஞ்சுபடுகை வேண்டும். உலையில் கரி படிந்து 40 முதல் 60 நாளுக்கு ஒருமுறை காற்றும் நீராவியும் விட்டு எரித்து எடுக்கவேண்டும். பத்து உலை இருந்தால் அடிக்கடி ஒன்று இந்தக் கரி நீக்கத்திலேயே நிற்கும். உற்பத்தித் திறன் போடும்போது அதைக் கழிக்காத திட்ட அறிக்கைகளும் உண்டு.

இவ்வளவு தொல்லைக்கும் ஈடாகக் கிடைப்பது, ஒரே வாசலில் டயர், பெயின்ட், ஃபீனால், ஸ்டைரீன், பாலிபுரோப்பிலீன் எல்லாவற்றுக்கும் மூலப்பொருள். ஈத்தேன் உலைக்கு இந்தக் கிளைகள் கிடையாது. பாலிஎத்திலீன், கிளைக்கால், பிவிசி, அவ்வளவுதான். நாடு முழுவதும் ஈத்தேனுக்கு மாறிவிட்டால் எத்திலீன் மலியும், பியூட்டாடையீனுக்கும் புரோப்பிலீனுக்கும் தட்டுப்பாடு வரும். அமெரிக்காவில் ஷேல் எரிவாயு பெருகியபோது நடந்தது இதுதான். புரோப்பேனிலிருந்து புரோப்பிலீனை நேரடியாகச் செய்யும் ஆலைகள் அந்த இடைவெளியில்தான் அங்கே முளைத்தன.

நம் நாட்டில் அதற்குத் தஹேஜில் பெட்ரோநெட்டின் 7.5 லட்சம் டன் திட்டமும், மகாராஷ்டிரத்தின் உசரில் கெயிலின் 5 லட்சம் டன் திட்டமும் வருகின்றன. ஒரு டன் புரோப்பிலீனுக்கு 1.2 டன் புரோப்பேன். ஈத்தேனை ஆதரிப்பவர் இதையும் தன் செலவில் சேர்த்துச் சொல்லவேண்டும். நாப்தாக்காரருக்குத் துணையாகக் கிடைப்பதை இவர் தனி ஆலை கட்டிச் செய்கிறார்.

நாப்தாவின் இன்னொரு சாதகம் அண்டை வீடு. பானிபட்டில் இந்தியன் ஆயிலின் கிராக்கர் சுத்திகரிப்பு ஆலையின் பக்கத்திலேயே நிற்கிறது. மத்தியப் பிரதேசத்தின் பீனாவில் பாரத் பெட்ரோலியம் 12 லட்சம் டன் கிராக்கரைச் சுத்திகரிப்பு விரிவாக்கத்தோடு சேர்த்து 49,000 கோடி ரூபாய்க்குத் திட்டமிட்டது, அடிக்கல் 2023 செப்டம்பரில் நாட்டப்பட்டது. கடலிலிருந்து தள்ளி உள்ள ஆலையின் நாப்தாவைத் துறைமுகத்துக்கு அனுப்பி ஏற்றுமதி செய்தால் வண்டிக்கூலி நம் தலையில். பக்கத்து உலையில் போட்டால் அந்தக் கூலி மிச்சம். பைகேஸிலிருந்து வரும் ஹைட்ரஜனேற்றிய மிச்சம் திரும்பி ஆலைக்கே போகும், கிராக்கரின் ஹைட்ரஜன் டீசலின் கந்தகத்தை நீக்கப் போகும். இந்தக் கொடுக்கல் வாங்கல் சந்தை விலைப் பட்டியலில் தெரியாது.

ஜாம்நகரில் ரிலையன்ஸ் 2018ல் காட்டியது இன்னும் புத்திசாலித்தனம். சுத்திகரிப்பு ஆலையில் அடுப்புக்குப் போய்க்கொண்டிருந்த கழிவு வாயுவைச் சேகரித்து, அதில் 15 லட்சம் டன் கிராக்கர். மூலப்பொருளின் விலை அதன் எரிபொருள் மதிப்புதான். இதற்கு எதிரே ஈத்தேனும் நிற்காது, நாப்தாவும் நிற்காது. ஆனால் அந்த அளவு கழிவு வாயு கிடைக்க ஜாம்நகர் அளவு சுத்திகரிப்பு ஆலை வேண்டும், அது வேறு யாரிடமும் இல்லை.

இரட்டை ஊட்டம்: இரண்டு பக்கமும் செலவு

திட்டக் குழுக் கூட்டத்தில் எல்லோருக்கும் பிடித்த பதில் இது. எது மலிவோ அதை ஊட்டுவோம் என்பார்கள். தஹேஜில் ஓபாலின் 11 லட்சம் டன் ஆலை, பஞ்சாபின் பதிண்டாவில் இந்துஸ்தான் பெட்ரோலியமும் மிட்டல் குழுமமும் சேர்ந்த எச்எம்இஎல்லின் 12 லட்சம் டன் ஆலை, அசாமில் லெபேட்கட்டா ஆலை மூன்றும் இந்த வகை. எனக்கு இதில் முழு நம்பிக்கை இல்லை, காரணம் உலைக்குள்ளேயே இருக்கிறது.

நாப்தாவில் ஓடும்போது உலை வாயுவைக் குளிர்விக்க எண்ணெய்ச் சுழற்சி உண்டு. அந்த எண்ணெய் நாப்தா சிதறலிலிருந்தே உருவாகும் கனப்பொருள். ஈத்தேனுக்கு மாறியதும் கனப்பொருள் உருவாவது நின்றுவிடும். சுழற்சியில் உள்ள எண்ணெய் கெட்டியாகி, குழாய் அடைத்து, வெளியிலிருந்து எண்ணெய் வாங்கி ஊற்றவேண்டி வரும். ஈத்தேன் வாயு இலகு, நாப்தா வாயு கனம். ஒரே கம்ப்ரசர் இரண்டிலும் சிறந்த செயல்திறனில் ஓடாது. எந்த நேரத்திலும் ஒரு பகுதி முழுச் சுமையிலும், இன்னொரு பகுதி பாதிச் சுமையிலும் கிடக்கும். ஈத்தேன் மாதங்களில் பியூட்டாடையீன் பிரிவும் பைகேஸ் பிரிவும் சும்மா நிற்கும், ஆனால் அவற்றின் வட்டி சும்மா நிற்காது. அதனால் நடைமுறையில் முழு மாற்றம் செய்யமாட்டார்கள். சில உலைகளை ஈத்தேனுக்கும் சிலவற்றை நாப்தாவுக்கும் என்று நிரந்தரமாகப் பிரித்து, 20, 30 சதவீதத்துக்குள் நகர்த்துவார்கள். அந்த அளவு நெகிழ்வு நல்லதுதான், ஆனால் நிதி அறிக்கையில் நூறு சதவீத நெகிழ்வு என்று போட்டு லாபம் காட்டுவது தப்புக் கணக்கு.

ஓபாலின் கடன் சுமை ஊட்டத்தால் மட்டும் வந்ததல்ல. கட்டுமானம் இழுத்தது, செலவு பெருத்தது, வட்டி ஏறியது. சிறப்புப் பொருளாதார மண்டலத்துக்குள் இருந்ததால் உள்நாட்டுச் சந்தைக்கு விற்றாலும் இறக்குமதி போலவே சுங்க வரி. 2024ல் ஓஎன்ஜிசி மேலும் மூலதனம் போட்டுத் தன் பங்கை 95 சதவீதத்துக்கு மேல் உயர்த்திக்கொண்டது. லெபேட்கட்டா 1985 அசாம் ஒப்பந்தத்தின் வாக்குறுதி. 2006ல் சுமார் 5,460 கோடி ரூபாய்க்கு ஒப்புதல், திறப்பு 2016ல், அதற்குள் செலவு பத்தாயிரம் கோடியை நெருங்கிவிட்டது. எத்திலீன் திறன் 2.2 லட்சம் டன்தான். உலகத்தர உலைகள் 10 லட்சம் டன்னைத் தாண்டிவிட்ட காலத்தில் அந்த அளவில் ஒரு டன்னின் நிலைச்செலவு ஏறிவிடும், எதை ஊட்டினாலும்.

வரியையும் மறக்கக்கூடாது. இயற்கை எரிவாயு இன்னும் ஜிஎஸ்டிக்கு வெளியே இருக்கிறது. எரிவாயுவை வாங்கும் ஆலை மாநில வாட் கட்டும், அதற்கு உள்ளீட்டு வரிக் கழிவு கிடைக்காது. நாப்தா ஜிஎஸ்டிக்குள். கட்டிய வரியை விற்பனையில் கழித்துக்கொள்ளலாம். குழாய் எரிவாயுவை நம்பிய ஆலைக்கு இது நிரந்தர இழப்பு.

ஓரத்தில் நிற்பவர்கள்

எத்தனால் வழி நமக்குப் பழையது. நாப்தா கிராக்கர்கள் வருவதற்கு முன் ஆல்கஹாலிலிருந்து எத்திலீன் செய்த ஆலைகள் இங்கே இருந்தன. ஒரு டன்னுக்கு 1.75 டன் எத்தனால், அதாவது 2,200 லிட்டருக்கு மேல். லிட்டர் 65 ரூபாய் என்றால் மூலப்பொருள் மட்டும் 1.44 லட்சம் ரூபாய். பசுமை முத்திரைக்குக் கூடுதல் விலை தரும் வாங்குபவர் இருந்தால் உண்டு, இல்லாவிட்டால் பெட்ரோலில் கலப்பவரே அந்த எத்தனாலை எடுத்துக்கொள்வார்.

நிலக்கரியை வாயுவாக்கிப் பொருள் செய்யும் வழிக்கு 2024 ஜனவரியில் மத்திய அரசு 8,500 கோடி ரூபாய் ஊக்கத்தொகை அறிவித்தது. ஒரு டன் ஓலிஃபினுக்கு (எத்திலீன், புரோப்பிலீன் வகை) ஏறக்குறைய 3 டன் மெத்தனால் வேண்டும், அந்த மெத்தனாலுக்கு நிலக்கரி அதைவிடப் பெரிய குவியல். சீனா செய்துகாட்டியது, ஆனால் இந்திய நிலக்கரியில் சாம்பல் 30 முதல் 45%. சாம்பலை உருக்கிக் கொட்டவே எரிசக்தி செலவாகும். ஒடிசாவின் தல்சேர் உரத் திட்டத்தில் பெட்ரோலிய கோக்கைக் கலந்து ஊட்டத் திட்டமிட்டது இதற்காகத்தான். மெத்தனால் வரையோடு நிற்பதே நமக்கு நியாயமான எல்லை. நாம் மெத்தனாலில் பெரும்பகுதியை இறக்குமதி செய்கிறோம், அதை நிரப்பினாலே போதும்.

எங்கே எது

மேற்குக் கடற்கரை, ஆழ்துறைமுகம், குழாய், ஏற்கெனவே பாலிஎத்திலீனும் பிவிசியும் வாங்கும் வாடிக்கையாளர் கூட்டம். அங்கே ஈத்தேன்தான். கூடவே குளோரின் கணக்கும் பொருந்தும். ஒரு டன் பிவிசிக்கு 0.47 டன் எத்திலீனும் 0.58 டன் குளோரினும் போகும். ஒரு டன் காஸ்டிக் சோடா செய்தால் 0.89 டன் குளோரின் கூடவே வந்துவிடும். குளோரினை எடுத்துக்கொள்ள வாங்குபவருக்குத் தயாரிப்பாளரே பணம் கொடுக்கும் மாதங்கள் இந்தியாவில் வந்துபோகின்றன. காஸ்டிக் ஆலை குவிந்திருக்கும் குஜராத்தில் ஈத்தேனையும் பிவிசியையும் இணைத்தால் ஒருவரின் தலைவலி இன்னொருவருக்கு மூலப்பொருள். ஆனால் ஆண்டுக் கொள்முதலில் கால் பங்கையாவது புரோப்பேன் அல்லது நாப்தாவாக மாற்றிக்கொள்ளும் உலைகளை முதல் நாளிலேயே கட்டவேண்டும். கப்பல் வராத மாதத்துக்கு அதுதான் காப்பீடு.

கடலிலிருந்து தள்ளி உள்ள சுத்திகரிப்பு ஆலைக்கு நாப்தா. ஆனால் ஒரு நிபந்தனையோடு. பியூட்டாடையீன் பிரிப்பும் பென்சீன் பிரிப்பும் புரோப்பிலீனைப் பாலிமராக்கும் பிரிவும் முதல் கட்டத்திலேயே இருக்கவேண்டும். ‘இரண்டாம் கட்டத்தில் சேர்ப்போம்’ என்று எழுதிய அறிக்கையில் நான் மேலே காட்டிய 190 டாலர் அப்படியே ஓடிப்போகும். பீனா, பானிபட் போன்ற இடங்களில் ஸ்டைரீன் சேர்ந்தால் ஏற்றுமதியாகும் பென்சீனுக்கு வீட்டிலேயே வேலை கிடைக்கும். பானிபட்டில் இந்தியன் ஆயில் அப்படியொரு ஸ்டைரீன் ஆலைத் திட்டத்தைக் கையிலெடுத்திருக்கிறது.

தமிழ்நாட்டில் கிராக்கரே இல்லை. மணலியில் புரோப்பிலீன் ஆக்சைடு செய்பவர்கள் சென்னை பெட்ரோலியம் ஆலையின் புரோப்பிலீனைக் குழாயில் வாங்குகிறார்கள், கடலூரில் பிவிசி செய்பவர்கள் வினைல் குளோரைடைக் கப்பலில் இறக்குகிறார்கள். கிராக்கருக்கு முதல் போடாமல் தொழிலை நடத்தும் வழி இது. முதலீடு குறைவு, வட்டி குறைவு. ஆனால் லாபம் முழுக்க இரண்டு விலைகளின் இடைவெளியில் தொங்குகிறது. சீனாவிலிருந்து மலிவு பிவிசி வந்து விலையை இறக்கும் மாதத்தில் வினைல் குளோரைடு அதே வேகத்தில் இறங்காது. எத்திலீன் சொந்தமாக இருப்பவர் அந்த மாதத்தில் லாபத்தைக் குறைத்துக்கொண்டு ஆலையை ஓட்டுவார், வாங்கி ஓட்டுபவர் ஆலையை 60 சதவீதச் சுமைக்கு இறக்குவார்.